வெறுங்கழுத்து

கழுத்தில் தடமே இல்லையேம்மா என்கிறாள் இந்தப் பெண். எனக்குப் பின்னால் நின்று ஈரப் பஞ்சால் பிடரியைத் துடைத்துக்கொண்டே சொல்கிறாள். குறை சொல்லும் குரல் இல்லை, ஆச்சரியம்தான். காலையிலிருந்து இந்த லாட்ஜிலேயே இரண்டு மணப்பெண்களை அலங்காரம் செய்து அனுப்பிவிட்டு மூன்றாவதாக என்னிடம் வந்திருக்கிறாள். கௌசல்யா, கௌசின்னு கூப்பிடுங்க என்றாள். முதல் மணப்பெண்ணுக்கு எழுபத்தைந்து வயதாம், இரண்டாவதற்கு ஐம்பத்தெட்டு. திருக்கடையூரில் மணப்பெண்கள் எல்லாருக்கும் முட்டிவலி இருக்கிறது. எல்லார் கழுத்திலும் செயின் உரசி உரசி ஒரு கறுப்புக் கோடு விழுந்திருக்கும், அதை மறைக்கத்தான் முதல் கிரீம் போடுவேன், உங்களுக்கு அந்த வேலையே இல்லை என்கிறாள். பழைய தாலி எங்கே, லாக்கரில் வைத்துவிட்டீர்களா, கழற்றியிருக்கக் கூடாதே, புதுசை அதோடு சேர்த்துத்தானே கட்டுவார்கள் என்று கேட்கிறாள். நான் பதில் சொல்லவில்லை. நேற்று சாயங்காலத்திலிருந்தே நான் பதில் சொல்லாமல்தான் இருக்கிறேன். நான் பேசாமல் இருந்தால் அதற்கு என்ன அர்த்தம் என்று என் வீட்டில் யாருக்கும் தெரியாது, நான் அப்படி இருந்ததே இல்லை. சரி என்று எடுத்துக்கொண்டுவிட்டார்கள். கீழே மண்டபத்தில் நாகஸ்வரம் கேட்கிறது, தெருவுக்கு எதிர்ப்பக்கத்தில் இன்னொன்று, அதற்கும் அப்பால் மற்றொன்று, மூன்றும் மூன்று விதமாக. யாராவது வந்து இந்தக் கதவைத் தட்டும் வரைக்கும் எனக்கு நேரம் இருக்கிறது. அதற்குள் நான் ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். இல்லையென்றால் அறுபத்தேழு வயதில், முதல் முறையாக, என் கழுத்தில் தாலி ஏறிவிடும்.

தலையைக் கொஞ்சம் குனிங்கம்மா என்கிறாள் கௌசி. குனிகிறேன். எவ்வளவு சுலபமாகக் குனிகிறேன் பார். பின்னலில் சவுரியை வைத்து இழுக்கிறாள், மண்டைத்தோல் வலிக்கிறது, இருக்கிற முடியே கொஞ்சம். புடவை மட்டும் எனக்குப் பிடித்திருக்கிறது. அரக்குக் கட்டம் போட்ட கூறைப்புடவை, தொட்டால் முரமுரவென்று இருக்கிறது. புடவைக்குச் சரி என்றேன். மாலைக்குச் சரி. கலசத் தண்ணீரைத் தலையில் ஊற்றுவார்கள் என்றான் மகன் பகலவன், அதற்கும் சரி, குளிப்பதுதானே. அப்பாவுக்கு எழுபது பிறக்கிறது, சின்னதாக ஒரு பூஜை, வேண்டிக்கொண்டேன் என்று மகன் சொன்னபோது அதற்கு மேல் அவன் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. நேற்று இதே கட்டிலில் உட்கார்ந்து மருமகள் சுபாஷிணி ஒரு சிவப்பு டப்பாவைத் திறந்தாள். அத்தே, எவ்வளவு அழகா செஞ்சிருக்காங்க பாருங்க என்றாள். மஞ்சள் கயிறு, நடுவில் பொன். பகலவன் சிரித்துக்கொண்டே கதை சொன்னான். கும்பகோணத்தில் நகைக்கடைக்காரர், உங்க வீட்டுத் தாலி எது சார் என்று கேட்டாராம். இவன் விழித்திருக்கிறான். ஒவ்வொருத்தருக்கும் ஒரு தினுசு உண்டு சார், பேரைச் சொல்லுங்க, எடுத்துக் காட்டுறேன் என்றாராம். என்ன பேர் என்று கேட்டிருக்கிறான் என் மகன். சாதியின் பெயரைத்தான் கேட்கிறார் என்று விளங்க அவனுக்குக் கொஞ்ச நேரம் ஆகியிருக்கிறது. அந்தக் கொஞ்ச நேரத்தை நான்தான் வளர்த்தேன். பள்ளிக்கூடத்தில் சேர்க்கும்போதும் வீட்டுக்கு வந்தவர்கள் வாயிலும் அந்தப் பெயர் அவன் காதில் விழாமல் பார்த்துப் பார்த்து வளர்த்தேன். அதைக் கடை வாசலில் நின்றபடி ஒரு போன் போட்டு முடித்துவிட்டான். அப்பாவின் அண்ணன் மகன் தட்சிணாமூர்த்திக்கு. நம்ம வீட்டுத் தாலி எப்படி இருக்கும் அண்ணே என்று கேட்டானாம். கால் மணி நேரத்திலேயே போட்டோ வந்துவிட்டதாம். நாற்காலியில் உட்கார்ந்து முட்டிக்குத் தைலம் தேய்த்துக்கொண்டிருந்த வேலு, பரவாயில்லையே, உடனே அனுப்பிட்டானே என்றார். நான் டப்பாவையே பார்த்துக்கொண்டிருந்தேன். நம்ம வீடு. என் அம்மா வீட்டுத் தாலி எப்படி இருக்கும் என்று ஒருத்தரும் என்னைக் கேட்கவில்லை. கேட்டிருந்தால் வேண்டாம் என்றுதான் சொல்லியிருப்பேன். ஆனாலும் கேட்கவில்லை.

வேலு என்றால் சிங்காரவேலு, என் வீட்டுக்காரர். நாங்கள் ஒருத்தரை ஒருத்தர் பேர் சொல்லித்தான் கூப்பிடுவோம், கல்யாணத்துக்கு முன்பே பேசி முடிவு செய்தது. அவர் நூற்பாலையில் ஃபிட்டர், நான் நாகப்பட்டினம் டெலிபோன் ஆபீசில் ஆபரேட்டர். இரண்டு பேருக்கும் ஒரே ஊர், ஆனால் நான் வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் பிறந்தவள். அந்த ஒரு வாய்க்கால். கோடையில் செருப்பு நனையாமல் தாண்டலாம். எங்கள் கல்யாணம் தொழிற்சங்கக் கட்டடத்து மாடியில் நடந்தது, எழுபத்தெட்டில், ஒரு ஞாயிற்றுக்கிழமை. தலைமை தாங்க வந்தவர் ஒன்றரை மணி நேரம் பேசினார். பெண்ணின் கழுத்து கயிறு கட்டுவதற்கான முளைக்குச்சி அல்ல என்று அவர் சொன்னபோது எல்லாரும் கை தட்டினார்கள், நானும் தட்டினேன், மாலை கழுத்தில் கிடக்கும்போது கை தட்டுவது கஷ்டம். சம்பங்கி மாலை. அதற்குள் கட்டெறும்பு இருந்திருக்கிறது. பேச்சு முழுவதும் அது கடித்துக்கொண்டே இருந்தது, தலைமையுரையின்போது மணமகள் கழுத்தைச் சொறிவது எப்படி என்று பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். கீழே இறங்கியதும் வேலு தேங்காய் எண்ணெய் தேடி ஓடினார். என் கல்யாணத்தன்று என் கழுத்தில் விழுந்த அடையாளம் அந்தத் தடிப்பு ஒன்றுதான், இரண்டு நாளில் அமுங்கிவிட்டது. வேலுவின் அண்ணன் சொக்கலிங்கம் வரவில்லை. எனக்குத் தம்பி கிடையாது என்று கடைத்தெருவில் நின்று சொன்னாராம். மாமனார் செத்ததைக்கூட எங்களுக்குச் சொல்லி அனுப்பவில்லை. வேலு மூன்றாம் நாள் டீக்கடையில் யாரோ சொல்லித் தெரிந்துகொண்டு வந்து, சைக்கிளை ஸ்டாண்டு போடாமல் அப்படியே சாய்த்துவிட்டு, உட்கார்ந்தார். அந்தச் சத்தம் எனக்கு இன்னும் கேட்கிறது. சைக்கிள் மணி தரையில் பட்டு ஒருமுறை அடித்தது.

காதை இந்தப் பக்கம் காட்டுங்கம்மா. மாட்டலைக் கொக்கியில் மாட்டுகிறாள், காது சில்லிடுகிறது. எனக்குத் தெரிந்த ஒரே பதில் ஆயிடுச்சு என்பதுதான். வீடு பார்க்கப் போனால் வீட்டுக்காரம்மா முதலில் என் முகத்தைப் பார்ப்பாள், பிறகு கழுத்தைப் பார்ப்பாள், கல்யாணம் ஆயிடுச்சாம்மா என்பாள். ஆயிடுச்சு. வேறு ஒன்றும் சேர்க்க மாட்டேன். ஏன் போடலை, எந்த ஊர் வழக்கம், வேதக்காரங்களா, சர்ச்சுக்குப் போறவங்களா, எதற்கும் பதில் கிடையாது. பிரசவ வார்டில் நர்ஸ் கேட்டாள், வலியின் நடுவில் ஆயிடுச்சு என்றேன், அவள் பிள்ளை பிறந்துவிட்டது என்று நினைத்து ஓடி வந்தாள். டெலிபோன் ஆபீசில் மட்டும் நிம்மதி. ட்ரங்கால் கேட்பவனுக்கு என் குரல் மட்டும்தான், குரலுக்குக் கழுத்து கிடையாது. பகலவன் நாலாவது படிக்கும்போது அழுதுகொண்டு வந்தான். உங்கம்மாவுக்குக் கல்யாணமே ஆகலையாமே என்று ஒரு பையன் கேட்டானாம். ஆண்டு விழாவுக்கு மட்டும் ஒரு மஞ்சள் கயிறாவது போட்டுட்டு வாம்மா என்றான். நான் அவனை மடியில் உட்காரவைத்து, ஆயிடுச்சுன்னு சொல்லு, சத்தமா சொல்லு, அதுக்கு மேல ஒண்ணும் சொல்லாதே என்றேன். மறுநாள் போய்ச் சொன்னான். அதற்குப் பிறகு அவன் அதைப் பற்றி அழவில்லை, அதனால் சரியாகிவிட்டது என்று இருந்தேன்.

ஒரு கயிறுதானே மரகதம் என்றார் வேலு, நேற்று எல்லாரும் அவரவர் அறைக்குப் போன பிறகு. நாமதானே சொன்னோம் வெறும் கயிறுன்னு. வெறும் கயிறுன்னா கட்டினா என்ன. இதில்தான் மாட்டிக்கொண்டேன். நேற்றிலிருந்து இதைத்தான் சுற்றிச் சுற்றி வருகிறேன். வெறும் கயிறு என்றால் கட்டிக்கொள்வதில் நஷ்டமில்லை. வெறும் கயிறு என்றால் கட்டாமல் விடுவதிலும் நஷ்டமில்லை. நான் மறுத்தால் அதில் ஏதோ இருக்கிறது என்று நானே ஒத்துக்கொண்ட மாதிரி. நான் ஒத்துக்கொண்டால் இத்தனை வருஷம் எதற்காக வாடகை வீடு வாடகை வீடாக அலைந்தோம், வெறும் கயிற்றுக்காகவா. வேலு முன்பெல்லாம் இப்படிப் பேச மாட்டார். போன ஆடியில் நெஞ்சைத் திறந்து மூடினார்கள், அதிலிருந்து அவருக்கு யாரோடும் சண்டை வேண்டாம். அண்ணன் மகன் போன் செய்தால் குரல் குழைகிறது. குற்றம் சொல்ல மாட்டேன், சாவைப் பக்கத்தில் பார்த்தவருக்குச் சொந்தக்காரர்கள் அழகாகத் தெரிவார்கள். ஆபரேஷன் நடந்த அன்று ஆஸ்பத்திரி வராந்தாவில் பகலவன் கண்ணை மூடி நின்றிருந்தான். நாற்பது வயதுக்கு மேல் ஆனவன், பெங்களூரில் எத்தனையோ பேரை மேய்ப்பவன், உதடு துடிக்க நின்றிருந்தான். அப்போது வேண்டிக்கொண்டதுதான் இது. அப்பா பிழைத்தால் எழுபதில் பீமரத சாந்தி. அப்பா பிழைத்துவிட்டார். ஆயுசு கெட்டியாகணும்மா என்கிறான். நான் மாட்டேன் என்றால், அடுத்த மாசமே வேலுவுக்கு ஒன்று ஆகிவிட்டால். எல்லாரும் என் கழுத்தைத்தானே பார்ப்பார்கள். நேற்று அந்த யோசனை வந்ததும் கட்டிலில் எழுந்து உட்கார்ந்துவிட்டேன். எனக்கா, எனக்கே இந்தப் பயமா. பயத்தைவிட, நான் பயந்தேன் என்பதுதான் அவமானம். எழுந்து போய்த் தூங்குகிறவரின் மூக்கில் விரலை வைத்துப் பார்த்துவிட்டு வந்தேன். மூச்சு வந்தது. தைல வாசனையும் வந்தது.

கதவு திறந்தே இருக்கிறது. தட்சிணாமூர்த்தி எட்டிப் பார்க்கிறான், அவனுக்கே அறுபது நெருங்குகிறது. பட்டு வேட்டி, கழுத்துவரை சந்தனம். சீர்த் தட்டோடு முப்பது பேரைக் கூட்டிக்கொண்டு வந்திருக்கிறான், நேற்று இரண்டு வேனில் இறங்கினார்கள். நல்லவன்தான். அவன் அப்பா சொன்னதற்கு அவன் என்ன செய்வான். அவன் வாசலில் நின்று கையெடுத்துக் கும்பிட்டு, அழுத்தமாக, நெஞ்சாரச் சொல்கிறான்.

"பழசையெல்லாம் மறந்துடுங்க சித்தி. இன்னியோட நீங்களும் எங்க வீட்டு மனுஷி."

கௌசிக்கு முகம் மலர்கிறது, என்ன அன்பான குடும்பம் என்று நினைக்கிறாள். நான் சிரித்துவைக்கிறேன். இன்னியோட. அப்படியென்றால் நேற்று வரை யார். இந்த வீட்டுப் பிள்ளைக்குச் சோறு போட்டவள், அவன் மருந்துக்கு மணி பார்த்தவள், அவனுடைய மகனைப் பெற்றவள், எல்லாம் வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் நின்று செய்த வேலை. தங்கத்தில் அடித்த அவர்கள் வீட்டு அடையாளம் என் நெஞ்சில் தொங்கினால் வாய்க்காலைத் தாண்டிவிடுவேன். மாட்டுக்குச் சூடு போடுவார்கள் எங்கள் ஊரில், யார் வீட்டு மாடு என்று தெரிய. இப்படி நினைக்கக் கூடாது, அவன் கும்பிட்ட கையில் பொய் இல்லை. பொய் இல்லாததுதான் கஷ்டம். திட்ட வந்தவனுக்குப் பதில் சொல்ல எனக்குத் தெரியும். ஏற்றுக்கொள்ள வந்தவனுக்கு என்ன சொல்வது.

அவன் போன பிறகுதான் அவன் பின்னால் யாரோ நின்றிருந்தது தெரிகிறது. கதவுக்கு வெளியே, சுவரோடு ஒட்டி. அவன் அம்மா. சொக்கலிங்கத்தின் மனைவி சௌந்தரவல்லி, என் ஓரகத்தி. கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் அவரை நான் நேராகப் பார்த்தது நேற்றுத்தான். வெளிர்நீலப் புடவை, நெற்றியில் திருநீறு மட்டும். உள்ள வாங்கக்கா என்றேன். இல்லம்மா, நல்ல காரியத்துக்குக் கிளம்புறப்ப நான் எதிர்ல வரக் கூடாது, இங்கேயே நிக்கிறேன் என்றார். எதிரே வரக் கூடாது என்பவர் எதற்காகப் படியேறி வந்தார். படிப் பக்கம் ஒருமுறை திரும்பிப் பார்த்தார். பிறகு கௌசிக்குக் கேட்காத குரலில் சொன்னார்.

"தட்சிணாமூர்த்தி அனுப்பின படம் என்னோடதும்மா. அவம் பொண்டாட்டி கழட்டித் தர மாட்டேன்னுட்டா. என்னோடது பீரோவுலதானே கெடக்கு. எடுத்துப் படம் புடிச்சிட்டான். எனக்கு மனசு கேக்கல. வேணும்னா சொல்லி நிறுத்திடு."

எனக்கு உடனே பிடிபடவில்லை. பிறகு பகலவனின் போனில் நேற்றுக் காட்டிய அந்தப் படம் கண்ணுக்கு முன்னால் வந்தது. ஒரு உள்ளங்கை, அதில் பொன் மட்டும், கயிறு இல்லை. கயிறு ஏன் இல்லை என்று என் வீட்டில் ஒருத்தருக்கும் தோன்றவில்லை. எப்படித் தோன்றும், தாலியைப் பற்றி எங்களுக்கு என்ன தெரியும். சொக்கலிங்கம் செத்த பத்தாம் நாள் அறுத்து எடுத்ததை அச்சாக வைத்து, வேலுவின் ஆயுசுக்குத் தாலி செய்துகொண்டு வந்திருக்கிறான் என் பிள்ளை. சிரிப்பு வந்தது, அடக்கினேன். அக்காவின் முகத்தில் சிரிப்பு இல்லை. எனக்கு அறுத்த அன்னிக்கு இருட்டா இருந்துச்சும்மா, ஏழு பேரு சுத்தி நின்னாளுங்க என்று ஏதோ சொல்ல ஆரம்பித்து நிறுத்திக்கொண்டார். சொல்ல வேண்டாம். எனக்குத் தெரியும். எங்கள் பக்கத்திலும் அதேதான், அந்த விஷயத்தில் வாய்க்காலுக்கு இரண்டு கரையும் ஒன்று. அப்பா செத்தபோது எனக்குப் பன்னிரண்டு வயது. அம்மாவைக் குளிக்க வைத்து, புதுப் புடவை கட்டி, பூ வைத்து, பொட்டு வைத்து, மஞ்சள் பூசி, கல்யாணப் பெண் மாதிரி உட்காரவைத்தார்கள். எதற்கு இவ்வளவு அழகு செய்கிறார்கள் என்று நான் பார்த்துக்கொண்டு நின்றேன். பிறகு சுற்றி நின்று மறைத்துக்கொண்டார்கள். அம்மா போட்ட சத்தம் துக்கத்தில் போட்டதல்ல, யாரோ அடித்தால் போடுகிற சத்தம். கூட்டம் விலகியபோது அம்மாவின் பிடரியில் சிவப்பாக ஒரு கோடு இருந்தது, கயிறு இழுத்த கோடு. அன்றைக்கே முடிவு செய்துவிட்டேன், சங்கத் தலைவர் பேசுவதற்கெல்லாம் வெகு முன்பே. கட்டினால்தானே இழுப்பார்கள்.

இப்போது கண்ணாடியில் பார்க்கிறேன். குளிக்க வைத்து, புதுப் புடவை கட்டி, பூ வைத்து, பொட்டு வைத்து உட்காரவைத்திருக்கிறார்கள் என்னை. கௌசி என் கன்னத்தில் எதையோ தடவுகிறாள், அம்மா சூப்பரா இருக்கீங்க என்கிறாள். வேலுவுக்கு எழுபது, எனக்கு அறுபத்தேழு, அவர் நெஞ்சுக்குள் மூன்று இடத்தில் ஒட்டுப்போட்டிருக்கிறது. இந்த வயதில் கட்டுகிற கயிறு எத்தனை நாளைக்கு. இருபதில் கட்டுகிறவளுக்கு அறுப்பது கண்ணுக்குத் தெரியாத தூரத்தில் இருக்கும். எனக்கு அது இந்த அறைக் கதவு தூரத்தில் இருக்கிறது. இன்றைக்கு என் கையைப் பிடித்து மேடைக்கு அழைத்துப் போகிற இதே பெண்கள்தான் அன்றைக்கும் வருவார்கள், எங்க வீட்டு மனுஷி என்று சொல்லிக்கொண்டே வருவார்கள், உரிமையோடு சுற்றி நிற்பார்கள். ஒரு கயிறுதானே வேலு. கட்டும்போது ஒரு கயிறுதான். இதைச் சொல்ல நேற்று எனக்கு வரவில்லை. அக்கா சொன்ன வழி சுலபம். கீழே போய், இது அறுத்த தாலியின் அச்சு என்று ஒரு வரி சொன்னால் போதும், குருக்கள் முதல் வேன் டிரைவர் வரை பதறி எழுந்து நிற்பார்கள், டப்பா பைக்குள் போய்விடும், எனக்கு ஒரு சண்டையும் இல்லை. ஆனால் அது அவர்களுடைய பயத்தை வைத்து நான் ஜெயிப்பது. அடுத்த வாரம் வேறு அச்சில் வேறு தாலி வரும். அது பீரோவில் கிடந்த பாவத்துக்கு அக்காவைக் காலத்துக்கும் பேசுவார்கள். வேண்டாம். எனக்கு வேண்டாம் என்பதால் வேண்டாம், அதற்கு அபசகுனத்தைத் துணைக்குக் கூப்பிட மாட்டேன். நான் வெளியே பார்த்தபோது அக்கா போய்விட்டிருந்தார். சுவரில் அவர் சாய்ந்திருந்த இடம் காலியாக இருந்தது.

கதவைத் தட்டுகிறான் பகலவன். தட்டத் தேவையே இல்லை, திறந்துதான் இருக்கிறது, சின்ன வயதிலிருந்தே அப்படித்தான். ரெடியாம்மா, குருக்கள் கூப்பிடுறார் என்கிறான். வெற்று மார்பில் துண்டு, இடுப்பில் வேட்டி நிற்காமல் பெல்ட் போட்டிருக்கிறான். மத்ததெல்லாம் செய்யறேன் பகலவா, தாலி மட்டும் வேணாம் என்கிறேன். என் குரல் டெலிபோன் ஆபீஸ் குரலாக வருகிறது, தெளிவாக, யாருக்கோ லைன் கொடுக்கிற மாதிரி. கௌசி சீப்பையும் டப்பாக்களையும் வாரிக்கொண்டு நான் அப்புறம் வரேன்மா என்று நழுவுகிறாள். பகலவன் கட்டிலில் உட்காருகிறான். நேத்தே சொல்லியிருக்கலாம்ல என்கிறான். நேற்று எனக்கே தெரியவில்லை என்கிறேன். முப்பது பேர் கீழே உட்கார்ந்திருக்கிறார்கள், தட்சிணாமூர்த்தி அண்ணன் இருக்கிறார், சுபாவின் அப்பா அம்மா வந்திருக்கிறார்கள், எல்லாவற்றையும் அடுக்குகிறான். நான் கேட்டுக்கொண்டிருக்கிறேன். பிறகு அவன் அடுக்குவதை நிறுத்திவிட்டுத் தரையைப் பார்த்துப் பேசுகிறான்.

"நாலாங் கிளாஸ்ல நீ சொல்லிக் குடுத்ததைத்தான் போய்ச் சொன்னேன். ஆயிடுச்சுன்னு. அன்னிலேர்ந்து பத்தாவது முடியற வரைக்கும் ஸ்கூல்ல எம் பேரே அதுதாம்மா. டேய் ஆயிடுச்சு, இங்க வாடா. வாத்தியார்கூட ஒருதரம் அப்படிக் கூப்பிட்டார். உனக்குத் தெரியுமா அது?"

தெரியாது. எனக்குத் தெரியாது. பகலவன் என்று எவ்வளவு யோசித்துப் பேர் வைத்தோம், சூரியன் என்று அர்த்தம் வருகிற மாதிரி, சாமி பேராக இல்லாத மாதிரி. அந்தப் பேரை நான் கொடுத்து அனுப்பிய ஒரு வார்த்தை தின்றிருக்கிறது. அவன் பக்கத்தில் உட்கார வேண்டும் போல இருக்கிறது, உட்கார்ந்தால் சரி கட்டுங்கடா என்று சொல்லிவிடுவேன் என்று தெரிகிறது, அதனால் நிற்கிறேன். கூறைப்புடவையில் நிற்பது சுலபம், அதுவே பாதி நின்றுகொள்கிறது. சொல்லியிருக்கலாமேடா என்கிறேன். சொன்னா நீ ஸ்கூலுக்கே வந்து சண்டை போட்டிருப்பே என்கிறான். அது நிஜம். அப்பாவுக்காகக்கூட செய்ய மாட்டியா என்று கேட்கிறான். உங்கப்பாவுக்காகத்தான் ஒரு வருஷமா உப்பில்லாத குழம்பு சாப்பிடறேன் என்கிறேன். அவனுக்குச் சிரிப்பு வரவில்லை. அவருக்கு ஏதாவது ஆச்சுன்னா என்கிறான், அந்த வார்த்தையைச் சொல்லிவிட்டு அதற்காகவே பயப்படுகிறான், வராந்தாவில் நின்ற அதே உதடு. ஆச்சுன்னா அழுவேன் என்கிறேன். அழறதுக்கு என் கழுத்துல ஒண்ணும் தேவையில்ல. அன்னிக்கு எவளும் வந்து எங்கிட்ட எதையும் கழட்டவும் வேண்டியிருக்காது. அவன் நிமிர்ந்து பார்க்கிறான். இதை அவன் யோசித்ததில்லை. தாலி என்றால் கட்டுவது மட்டும்தான் என்று நினைத்திருக்கிறான், பார்க்காமல் வளர்ந்த பிள்ளை. கீழே தவில்காரர் வாரை இழுத்து இரண்டு தட்டுத் தட்டிப் பார்க்கிறார்.

"வந்தவங்ககிட்ட நான் என்னம்மா சொல்றது?"

"நீ ஒண்ணும் சொல்ல வேணாம். அன்னிக்கு உன்னை அனுப்பினது போதும். நானே சொல்லிக்கறேன்."

படியில் இறங்குகிறேன். ஒரு கையில் கொசுவம், ஒரு கை கைப்பிடியில், முட்டி ஒவ்வொரு படிக்கும் ஒரு தடவை பேசுகிறது. சுபாஷிணி கீழே நின்று மேலே பார்க்கிறாள், என் பின்னால் வருகிறவன் முகத்தைப் பார்த்துவிட்டு என் முகத்தைப் பார்க்கிறாள். ஹோமப் புகை கண்ணைக் கரிக்கிறது. வேலு மணையில் உட்கார்ந்திருக்கிறார், சட்டை கிடையாது, தொண்டைக்குழியிலிருந்து வயிறு வரைக்கும் அந்தத் தையல் கோடு இளஞ்சிவப்பாக இருக்கிறது. சந்தனம் பூசியும் மறையவில்லை. கோடு அவரிடம் இருக்கிறது, என்னிடம் இல்லை. பக்கத்தில் உட்காருகிறேன், இரண்டு பேர் பிடித்து உட்காரவைக்கிறார்கள். தண்ணீர் ஊற்றியது, துணி மாற்றியது, எல்லாம் ஏதோ பஸ்ஸில் போகும்போது ஜன்னலில் தெரிவது மாதிரி போகிறது. ஈரத்தலையில் நடுக்கம். தாலித் தட்டு தேங்காயோடு வரிசை வரிசையாகப் போய் எல்லார் கையும் தொட்டுத் திரும்பி வருகிறது, பின்வரிசைக்குப் போகவில்லை, அங்கே தூணுக்குப் பக்கத்தில் வெளிர்நீலம் தெரிகிறது. குருக்கள் எடுத்து நீட்டுகிறார். வேலு வாங்குகிறார். கயிற்றின் இரண்டு முனையையும் பிரிக்க விரல்கள் தேடுகின்றன. பயமா, வயதா, அந்த விரல்கள் ஒரு காலத்தில் நூற்பாலை எந்திரத்தின் மிகச் சின்னத் திருகைக் கண்ணை மூடிக்கொண்டு மாட்டும். நாகஸ்வரக்காரர் குருக்களின் விரலைப் பார்த்துக்கொண்டு குழலை வாயில் வைத்துக் காத்திருக்கிறார். நான் வலது கையை எடுத்துத் தொண்டைக்குழியில் வைத்துக்கொள்கிறேன். உள்ளங்கையின் கீழே துடிக்கிறது. இவர் என்ன சொன்னாலும் இந்தக் கை இங்கேயேதான் இருக்கும். ஆனாலும் இவரைக் கேட்காமல் நான் எதையும் செய்ததில்லை, என்னைக் கேட்காமல் இவரும்.

"வேலு" என்கிறேன். பேர் சொன்னதும் முன்வரிசையில் சலசலப்பு. சித்தி, சபையில என்று தட்சிணாமூர்த்தி ஆரம்பிக்கிறான். நான் திரும்பவில்லை.

"வேலு, நமக்குக் கல்யாணம் ஆயிடுச்சா?"

அவர் என்னைப் பார்க்கிறார். புருவத்தில் தண்ணீர் சொட்டு நிற்கிறது. என் கையைப் பார்க்கிறார், கை மூடியிருக்கிற இடத்தைப் பார்க்கிறார், தன் கையிலிருக்கிற மஞ்சளைப் பார்க்கிறார். ஒரு கயிறுதானே என்று சொல்லப் போகிறார் என்று நினைக்கிறேன். சைக்கிளைச் சாய்த்துவிட்டு உட்கார்ந்த அன்றைக்கு மாதிரி தோள் இறங்குகிறது. பிறகு, தொண்டையைச் செருமிக்கொண்டு, சங்கக் கட்டடத்துக் கடைசி வரிசைக்கும் கேட்கிற பழைய குரலில் சொல்கிறார்.

"ஆயிடுச்சு."

தூணோரமாக நின்றிருந்த பகலவன் சட்டென்று தலை நிமிர்கிறான், யாரோ அவனைப் பேர் சொல்லிக் கூப்பிட்ட மாதிரி. வேலு கயிற்றைச் சுருட்டித் தட்டில், தேங்காய்க்குப் பக்கத்தில், வைக்கிறார். குருக்கள் தட்டையும் எங்களையும் மாறி மாறிப் பார்க்கிறார். முன்வரிசையில் யாரோ எழுந்திருக்கிறார்கள், நாற்காலி தரையில் தேய்கிறது, போகிறார்களோ என்னவோ, போகட்டும், உட்காருகிறவர்கள் உட்காரட்டும். வேலு மாலையை எடுக்கிறார். நான் கழுத்திலிருந்து கையை எடுத்துக்கொள்கிறேன். தலையைக் குனியவில்லை, அவர்தான் முட்டியை ஊன்றி எழுந்து எட்டிப் போடுகிறார். சம்பங்கி. குளிர்ச்சியாக, கனமாக, பிடரியில் உட்காருகிறது. அதற்குள்ளிருந்து ஒன்று ஊர்ந்து வெளியே வருகிறது, தோளில் நிற்கிறது, யோசிக்கிறது, கழுத்துக்கு ஏறிக் கடிக்கிறது. தட்டிவிடாமல் உட்கார்ந்திருக்கிறேன்.